மின்சார அபராத பில்: தப்பான வாசலில் போய் நிற்காதீர்கள்

போன வாரம் ஒரு ஜூனியர் நுகர்வோர் ஆணையத்துக்கான மனுவோடு வந்தார். வீட்டு இணைப்பில் தையல் யூனிட் நடத்தியவருக்கு வந்த அபராத பில். முதல் பத்தியைப் படித்ததுமே வயிற்றைக் கலக்கியது, ஏனென்றால் கிட்டத்தட்ட அதே பத்தியை 2014-இல் நானும் எழுதியிருக்கிறேன். பில்லைத் தொலைப்பது, நகல் எடுக்காமல் விடுவது போன்ற சில்லறைத் தவறுகளை இங்கே சொல்லப்போவதில்லை.

மகஜரைப் படிக்காமல் கையெழுத்து

போடாதீர்கள். ஆய்வுக்கு வந்தவர்கள் அந்த இடத்திலேயே எழுதும் பதிவு அது.

முறைகேட்டையும் திருட்டையும் ஒன்றாக்குவது

2003 மின்சாரச் சட்டத்தில் முறைகேடான பயன்பாட்டுக்குப் பிரிவு 126, திருட்டுக்கு 135. வீட்டு இணைப்பில் கடை நடத்துவது 126. அனுமதித்த லோடுக்கு மேல் இழுப்பதும் அதில்தான் வரும் என்று ஒடிசாவின் சீதாராம் அரிசி ஆலை வழக்கில் 2011-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 135-க்கு நேர்மையற்ற எண்ணம் வேண்டும், அது குற்ற வழக்கு. நோட்டீஸில் எந்தப் பிரிவு போட்டிருக்கிறது என்று பார்க்காமலேயே "நான் திருடன் இல்லை" என்று நாலு பக்கம் எழுதுகிறவர்களுக்கு என்ன பதில் சொல்வது?

தப்பான வாசல்

இதுதான் இன்றுவரை எனக்கு எரிச்சல் தரும் தவறு. என் கட்சிக்காரர் வீட்டு இணைப்பிலேயே சின்னதாக ஒரு மெஸ் நடத்தினார். ஆய்வுக்கு வந்தார்கள், இவ்வளவு கட்ட வேண்டும் என்று தற்காலிக மதிப்பீட்டு ஆணை வந்தது, நான் ஆட்சேபணை எழுதவில்லை, எல்லாவற்றையும் நுகர்வோர் மன்றத்தில் பேசிக்கொள்ளலாம் என்று தைரியம் சொன்னேன். 126-இன் கீழ் போட்ட மதிப்பீட்டை எதிர்த்து நுகர்வோர் மன்றத்துக்குப் போக முடியாது என்று அனிஸ் அகமது வழக்கில் 2013 ஜூலையிலேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தது. நான் படிக்கவில்லை, அவ்வளவுதான். பல மாதம் வாய்தா வாங்கி, கடைசியில் விசாரிக்க அதிகாரமில்லை என்று மனு திரும்பி வந்தபோது, இறுதி ஆணையை எதிர்த்து மேல்முறையீடு செய்ய 127-ஆம் பிரிவு தந்த 30 நாள் எப்போதோ போயிருந்தது. கட்டாத தொகைக்கு ஆண்டுக்கு 16 சதவீத வட்டி வேறு, ஆறு மாதத்துக்கு ஒருமுறை கூட்டு வட்டியாக ஏறும். அந்த மனிதர் என்னைத் திட்டவில்லை, "சரி விடுங்க சார்" என்றார், அதுதான் இன்னும் உறுத்துகிறது.

சிவில் கோர்ட்டில் தடை வாங்கலாம் என்பவர்களுக்கு: 145-ஆம் பிரிவு அந்தக் கதவையும் மூடிவைத்திருக்கிறது. உயர் நீதிமன்றத்தில் ரிட் போட்டாலும் பெரும்பாலும் 127-க்குத்தான் திருப்பி அனுப்புவார்கள். அந்த வாசலில் நுழைய மதிப்பீட்டுத் தொகையில் பாதியை முதலில் கட்டியாக வேண்டும், 2007 திருத்தத்துக்கு முன்பு மூன்றில் ஒரு பங்கு போதுமாக இருந்தது. பணம் புரட்ட வேண்டுமே என்பதற்காகத்தான் பாதிப் பேர் குறுக்கு வழி தேடுகிறார்கள் என்பது என் சந்தேகம்.

12 மாதத்தை அப்படியே ஏற்பது

எத்தனை நாள் முறைகேடாகப் பயன்படுத்தினார்கள் என்று கண்டுபிடிக்க முடியாவிட்டால்தான் ஆய்வுத் தேதிக்கு முந்தைய 12 மாதம் கணக்கு. கடை திறந்தே மூன்று மாதம்தான் என்றால் வாடகை ஒப்பந்தம், ஜிஎஸ்டி பதிவு, மெஷின் வாங்கிய ரசீது என்று கையில் இருப்பதையெல்லாம் ஆட்சேபணையோடு சேருங்கள். அந்தப் பயன்பாட்டுக்குரிய கட்டணத்தின் இரண்டு மடங்கு போடுகிறார்கள், ஒன்பது மாதம் குறைந்தால் எவ்வளவு மிஞ்சும் என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள். இதைத் தற்காலிக ஆணைக்கான பதிலிலேயே சொல்லிவிட வேண்டும், அப்புறம் மேல்முறையீட்டில் புதிதாக எடுத்துவைத்தால் முதலிலேயே ஏன் சொல்லவில்லை என்றுதான் கேட்பார்கள்.

"ஒத்துக்கொள்கிறேன்" என்று எழுதிக் கொடுப்பது

சம்மதத்தின் பேரில் வந்த இறுதி ஆணைக்கு மேல்முறையீடே கிடையாது. தொல்லை முடிந்தால் போதும் என்று ஏழு நாளில் கட்டிவிட்டு, எட்டாம் நாள் வக்கீலைத் தேடி வருகிறார்கள்.

ஜூனியரின் கட்சிக்காரருக்கு இறுதி ஆணை கிடைத்து 19 நாள் ஆகியிருந்தது. பாதித் தொகைக்கு ஏற்பாடு செய்யச் சொல்லி, நுகர்வோர் மனுவை என் மேஜையிலேயே வைத்துவிட்டுப் போகச் சொன்னேன். பின்பக்கம் காலியாக இருந்தது, மேல்முறையீட்டின் முதல் வரைவை அதிலேயே எழுதினோம்.