பாசி தின்னும் கடல் மீனுக்குச் செலவில்லாத தீனி

கடல் மீன் தொட்டியில் தண்ணீர் மாற்றும்போது எடுக்கும் பழைய உப்புநீரைக் கொட்டிவிடாதீர்கள். கண்ணாடி ஜாடியில் ஊற்றி, நாலைந்து சொரசொரப்பான கற்களைப் போட்டு, வெயில் படும் ஜன்னலோரம் வையுங்கள். ஆவியாகிக் குறையும் அளவுக்கு நன்னீர் சேர்த்துவந்தால் போதும். கல்லில் பச்சைப் பாசி படர்ந்ததும் ஒவ்வொன்றாகத் தொட்டியில் வைக்கலாம். மீன் சுரண்டி முடித்த கல்லை மறுபடி ஜாடிக்கே அனுப்பலாம்.

பழைய நீரில் தேங்கிய நைட்ரேட்டும் பாஸ்பேட்டும்தான் பாசிக்கு உரம். பாசி தின்னும் பிளென்னி என்ற சிறு கடல் மீன் பாறையைச் சுரண்டியே பழகியது; கிளிப்பில் மாட்டும் காய்ந்த கடற்பாசித் தாளைப் பல நேரம் சீண்டுவதே இல்லை. தொட்டி பளிச்சென்று சுத்தமாகிவிட்டால் பாவம், பட்டினிதான். வயிறு ஒட்டியிருக்கிறதா என்று அவசியம் பாருங்கள்.

மீன் நோய்க்குப் போடும் செம்பு மருந்து கலந்த நீர் இதற்கு ஆகவே ஆகாது. கருஞ்சிவப்பாக வழவழப்புப் படலம் படிந்த கல்லையும் ஒதுக்கிவிடுங்கள்.