ஷார்ட்டி பள்ளமும் ஆரஞ்சு மண்ணும்: எங்கே சறுக்குகிறோம்?

நிலவில் ஆரஞ்சு மண் கிடைத்த கதையைச் சொல்பவர்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில் சறுக்குகிறார்கள். பள்ளத்தையும் அதிலிருந்து வெளிவந்த மண்ணையும் ஒன்றாக்கிவிடுவார்கள்.

1972 டிசம்பர். அப்பல்லோ 17இல் நிலவுக்குப் போன ஜீன் செர்னனும் ஹாரிசன் ஷ்மிட்டும் டாரஸ்-லிட்ரோ பள்ளத்தாக்கில் ஷார்ட்டி பள்ளத்தின் விளிம்பில் ரோவரை, அதாவது நிலவில் ஓட்டும் வண்டியை, நிறுத்துகிறார்கள். ஷ்மிட்டின் கால் பட்டு மேல்தூசி கலைய, அடியில் ஆரஞ்சு நிறம். செர்னன் ஹெல்மெட்டின் வெயில்மறைப்பைத் தூக்கிவிட்டுப் பார்த்தார். அப்போதும் ஆரஞ்சுதான்!

உடனே எழுந்த எண்ணம், இது எரிமலை வாய், ஆவி பட்டு மண் துருவேறியிருக்கிறது என்பது. ஷ்மிட் புவியமைப்பியல் படித்தவர். பள்ளத்தைச் சுற்றிக் கரிய வளையம் வேறு இருந்தது. அந்த நேரத்தில் அப்படி நினைத்ததில் தப்பே இல்லை. இன்றைக்கும் அதையே எழுதுவதுதான் தப்பு. ஷார்ட்டி, விண்கல் மோதி உண்டான பள்ளம். ஆனால் மண் மட்டும் எரிமலைச் சரக்கு: வாயு அழுத்தத்தில் பீறிட்ட எரிமலைக் குழம்பு, துளித்துளியாகச் சிதறி உறைந்த கண்ணாடி மணிகள். சட்டென்று குளிர்ந்தவை ஆரஞ்சாக நின்றன. மெல்லக் குளிர்ந்தவை உள்ளே படிகம் கட்டிக் கறுத்துப் போயின. அங்கே அடித்து இறக்கிய குழாயில் கிடைத்த மண்ணிலும் ஆழம் போகப் போகக் கறுப்பு மணிகள்தான் அதிகம். விண்கல் இவற்றைக் கிளறி வெளியே வீசியதால்தான் அந்தக் கரிய வளையம்.

இது புரிந்துவிட்டால் வயதுக் குழப்பமும் தீரும். மண்ணுக்கு ஏறத்தாழ 360 கோடி வயது. பள்ளத்துக்கு 2 கோடிகூட ஆகவில்லை. "360 கோடி ஆண்டுப் பழமையான பள்ளம்" என்று எழுதினால் கணக்கு எங்கேயோ போய்விடும்.

சரி, துரு இல்லையென்றால் ஏன் ஆரஞ்சு? டைட்டானியம் மிகுந்த கண்ணாடியின் நிறம் அது. ஆகவே நிறத்தைக் காட்டி "அங்கே தண்ணீர் ஓடியது" என்று சொல்லக்கூடாது. அதற்காகத் தண்ணீரே கிடையாது என்று மறுகோடிக்கு ஓடுவதும் சரியல்ல. மணிகளுக்குள் இருந்த ஒலிவின் என்ற கனிமத்தின் படிகங்களில் சிறைப்பட்ட குழம்பை 2011இல் ஆராய்ந்தபோது, அதில் நீர் இருந்தது தெரியவந்தது. நிலவின் உட்பகுதி எலும்பாய்க் காய்ந்தது என்ற பழைய முடிவை அசைத்த கண்டுபிடிப்பு அது. என்னைக் கேட்டால், நிறத்தைவிட இதுதான் பெரிய செய்தி.

அப்புறம், இருவரும் பள்ளத்துக்குள் இறங்கி மண் எடுத்ததாகவும் எழுதுகிறார்கள். சுமார் 110 மீட்டர் அகலமும் 14 மீட்டர் ஆழமும் உள்ள குழி அது. அவர்கள் விளிம்பிலேயே நின்றுவிட்டார்கள். நேரமும் அரை மணி சொச்சம்தான். ரோவர் மக்கர் செய்தால் கலத்துக்கு நடந்தே திரும்ப ஆக்சிஜன் மிச்சம் வேண்டுமே!