பாடினால் அசையும் ஒளி: மேடைச் சடங்குக்கு ஒரு குரல்விளக்கு

நாங்கள் எழுதிய நாடகம் ஒன்றில் ஒளிப்பாணர் என்ற கற்பனைக் குடி வருகிறது. அவர்களுடைய சடங்கில் குரல்தான் ஒளியை அசைக்கும். ஒவ்வொருவர் குரலுக்கும் சுவரில் ஓர் உருவம் எழும். குடியின் அடுத்த தலைவரை அந்த உருவத்தைக் கொண்டே அடையாளம் காண்பார்கள். இதை மேடையில் காட்டுவதற்குக் காணொளியைத் திரையில் ஓடவிட்டால் போதும் என்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. பாடுபவர் மூச்சு நின்ற கணமே ஒளியும் நிற்க வேண்டும், இல்லையென்றால் அங்கே மந்திரம் இல்லை.

இதற்கு நல்ல முன்னோடிகள் இருக்கிறார்கள். வேல்ஸ் நாட்டுப் பாடகி மார்கரெட் வாட்ஸ் ஹியூஸ் 1885இல் ரப்பர் சவ்வின் மீது பொடியைத் தூவி, அதன் கீழே பாடி, குரலின் வடிவங்களை வரவழைத்தார். அதற்கு ஐந்து ஆண்டுகளுக்கு முன்பே கிரஹாம் பெல், பேச்சால் அதிரும் மெல்லிய கண்ணாடியில் சூரிய ஒளியைப் படவைத்து, வாஷிங்டனில் சுமார் 213 மீட்டர் தொலைவுக்குக் குரலை அனுப்பினார். நாம் செய்யப்போவது இந்த இரண்டுக்கும் இடைப்பட்ட எளிய கருவி: டின்னின் வாயில் இழுத்து மாட்டிய ரப்பர் சவ்வு குரலால் அதிரும்; அதில் ஒட்டிய கண்ணாடித் துண்டு, தன்மேல் படும் லேசர் கதிரைச் சுவரில் அசைக்கும்.

முதலில், சுமார் 10 செ.மீ. குறுக்களவுள்ள பால்மாவு டின்னின் அடிப்பக்கத்தையும் வெட்டி எடுத்து, விளிம்புகளைத் தேய்த்து, கையைக் கிழிக்காதபடி ஒட்டுநாடா சுற்றிக்கொள்ளுங்கள். பெரிய பலூனின் கழுத்தை நறுக்கி, மீதியை ஒரு வாயில் இழுத்து மாட்டி, ரப்பர் வளையத்தால் இறுக்குங்கள். மத்தளம்போல் விறைக்க வேண்டாம். சுருக்கம் மறைந்தால் போதும்.

அடுத்தது கண்ணாடித் துண்டு. உடைத்த முகக்கண்ணாடியைப் பலர் பரிந்துரைப்பார்கள். அது கனமானது, விளிம்பும் ஆபத்தானது. ஆரி வேலைப் பொருள்கள் விற்கும் கடைகளில் துணியில் வைத்துத் தைப்பதற்கான சிறிய வட்டக் கண்ணாடி கிடைக்கும். மெல்லியதாகவும் வளைவில்லாததாகவும் தேர்ந்தெடுத்து, இருபக்க ஒட்டுநாடாவின் சிறு துணுக்கால் ஒட்டுங்கள். உடனடியாக ஒட்டும் பசை ரப்பரை விறைக்கச் செய்துவிடும் என்பதால் அதைத் தவிர்க்கிறேன்.

எங்கே ஒட்டுவது என்பதில்தான் பெரும்பாலானோர் தடுமாறுகிறார்கள். கை தானாகவே சவ்வின் நடுப்புள்ளிக்குப் போகும்; நடுவில்தானே அதிர்வு மிகுதி என்று தோன்றும். அதிர்வு அங்கே மிகுதிதான், ஆனால் கீழ்ச்சுருதியில் அந்த இடம் சாயாமல் மேலும் கீழும் மட்டுமே போய்வருகிறது. ஒளிப்புள்ளியை நகர்த்துவது கண்ணாடியின் சாய்வு. ஆகவே நடுவிலிருந்து சுமார் 3 செ.மீ. தள்ளி, விளிம்பை நோக்கி ஒட்டுங்கள். கண்ணாடி ஒரு பாகை சாய்ந்தால் திரும்பும் கதிர் இரண்டு பாகை விலகும்; மூன்று மீட்டர் தள்ளியிருக்கும் சுவரில் அது ஏறத்தாழ 10 செ.மீ. நகர்வாகப் பெருகிவிடும். கண்ணுக்கே தெரியாத ஒரு நடுக்கம் அரங்கம் முழுவதும் தெரியும் உருவமாவது இதனால்தான்.

டின்னையும் லேசரையும் தனித்தனித் தாங்கிகளில் அசையாமல் பொருத்துங்கள். லேசரைக் கையில் பிடித்தால் கையின் நடுக்கத்தைத்தான் பார்ப்பீர்கள். ஒரு மில்லிவாட்டுக்கு மேற்படாத லேசரே போதும். கதிரும் அதன் எதிரொளியும் எவர் கண்ணிலும் படாதபடி, தலைகளுக்கு மேலே, பின்திரையை நோக்கி அமையுங்கள். குழந்தைகள் நடிக்கும் நாடகமென்றால் லேசரை விட்டுவிட்டு, சன்னலில் துளையிட்ட அட்டை வழியாக வரும் வெயிலைப் பயன்படுத்துங்கள். உருவம் மங்கலாக இருந்தாலும் அதுவே எனக்கு அதிகம் பிடித்தது.

இனிப் பாடலாம். டின்னின் திறந்த வாயிலிருந்து மூன்று விரற்கடை தள்ளி நின்று, ஊகாரத்தில் ஒரே ஸ்வரத்தைப் பிடித்துக் கீழிருந்து மெல்ல ஏறுங்கள். சவ்வுக்கு இசைவான சுருதி வந்ததும் புள்ளி திடீரென விரிந்து கோடாகவோ வளையமாகவோ மாறும். கட்டை என்பது பாடகர் தேர்ந்துகொள்ளும் ஆதார சுருதியின் அளவு; ஸட்ஜம் என்பது அதில் நிற்கும் ‘ஸ’ ஸ்வரம். ஒரு கட்டைச் சுருதியில் ஆண்குரலின் ஸட்ஜம் வினாடிக்கு ஏறத்தாழ 130 அதிர்வுகள். ஐந்து கட்டையில் பெண்குரலின் ஸட்ஜம் 196. புள்ளி அத்தனை வேகமாகச் சுற்றுவதால் நம் கண் அதைத் தொடர்ந்த கோடாகவே காண்கிறது. ஊகாரத்திலிருந்து ஈகாரத்துக்கு மாறினால் மேலதிர்வுகள் (அடிப்படைச் சுருதியோடு சேர்ந்து ஒலிக்கும் உயர்ந்த அதிர்வுகள்) கூடிக் கோட்டில் நெளிவுகள் முளைக்கும். கமகம் கொடுத்தால், அதாவது ஸ்வரத்தை அசைத்துப் பாடினால், உருவம் முழுவதுமே முறுக்கிக்கொள்ளும். குடியின் மூத்தவர் ஊகாரத்தில் தொடங்குவதும், வாரிசு ஈகாரத்தில் ஏற்பதும் எங்கள் சடங்கின் விதிகளானது இப்படித்தான்.

பின்சேர்க்கை: வெறும் கோடு மட்டுமே வருகிறது என்று சில வாசகர்கள் எழுதியிருந்தார்கள். ரப்பரை ஒரு பக்கம் மட்டும் சற்றுக் கூடுதலாக இழுத்துவிட்டால் வளையங்கள் கிடைக்கும். ஒத்திகையில் நன்றாக இருந்த உருவம் மறுநாள் சிறுத்துப்போனால், சவ்வு தளர்ந்து அதன் சுருதி இறங்கியிருக்கும். காட்சியன்று புதுப் பலூனை மாட்டி, நடிகரின் சுருதிக்கு ஏற்ப இழுத்துச் சரிசெய்த பிறகே அரங்கத்தைத் திறந்துவிடுங்கள்.