மாய ஆறு ஒன்றை உருவாக்குவது எப்படி

கற்பனை உலகத்தில் ஓர் ஆறு வேண்டுமென்றால் முதலில் மலையை வரையுங்கள். தண்ணீர் எந்தப் பக்கம் இறங்கும் என்பதை மலைதான் சொல்லும். மாயத்தைக் கடைசியில் சேர்த்துக்கொள்ளலாம். அதுவும் ஒன்றே ஒன்று போதும்; மற்ற எல்லாவற்றிலும் அது சாதாரண ஆறாகவே நடந்துகொள்ள வேண்டும். படிப்பவர் ஆற்றை நம்பினால்தான் மாயத்தையும் நம்புவார்.

குரலாறு என்று ஒன்றை வைத்துக்கொள்வோம். கரையில் பேசும் பேச்சு தண்ணீரில் கலந்து போகும். கீழே எங்கோ ஒருவர் அந்தத் தண்ணீரைக் கையில் அள்ளிக் காதருகே கொண்டுபோனால் கேட்கும். இதன் மாயம் இவ்வளவுதான்.

நீளம் 400 கி.மீ., பிறக்கும் இடம் 1,200 மீட்டர் உயரம். முதல் 60 கி.மீ.க்குள்ளேயே 1,050 மீட்டர் இறங்கிவிடட்டும். மிச்சமிருக்கும் 340 கி.மீ.க்கு 150 மீட்டர் சரிவுதான், அதாவது கிலோமீட்டருக்கு அரை மீட்டர்கூட இல்லை. அதனால் மலையில் பாறை உருட்டிக்கொண்டு ஓடும் ஆறு சமவெளியில் நெளியத் தொடங்கும். நெளிவுகளைக் கண்டபடி போடாதீர்கள். ஒரு முழு நெளிவின் நீளம் ஆற்றின் அகலத்தைப் போல சுமார் 10 முதல் 14 மடங்கு. 60 மீட்டர் அகல ஆற்றுக்கு 600 முதல் 840 மீட்டர் வரும். வளைவின் வெளிக்கரை அரிக்கும், ஆழமும் அங்கேதான். உட்கரையில் மணல் ஏறும். ஓடத்துறையை வெளிக்கரையிலும் பிள்ளைகள் குளிக்கும் துறையை உட்கரையிலும் வையுங்கள்.

அதிகம் நடக்கும் தவறு, நடுச் சமவெளியில் ஆற்றை இரண்டாகப் பிரித்து இரண்டு கடலுக்கு அனுப்புவது. ஆறுகள் போகப் போக ஒன்றோடொன்று சேரும். பிரிவதெல்லாம் பெரும்பாலும் சரிவு செத்து வண்டல் படியும் கடைப்பகுதியில்தான். காவிரியிலிருந்து முக்கொம்பில் கொள்ளிடம் பிரிவது போல. தென் அமெரிக்காவில் ஒரினோக்கோ ஆற்றிலிருந்து பிரிந்து ரியோ நீக்ரோ ஆற்றின் வழியாக அமேசானில் சேரும் காசிக்கியாரே மிக அபூர்வமான விதிவிலக்கு. அப்படி ஒன்று வேண்டுமென்றால் கதையே அதைப் பற்றியதாக இருக்கட்டும்.

அடுத்தது வேகம். வினாடிக்கு 1 மீட்டர் என்றால் நாளுக்கு 86 கி.மீ.; மலையடிவாரத்தில் சொன்ன சொல் கழிமுகம் சேர நான்கு நாள். வெள்ளத்தில் 2.5 மீட்டர் வேகம் இருந்தால் இரண்டு நாள்கூட ஆகாது. கோடையில் 0.3 மீட்டருக்கு இறங்கினால் பதின்மூன்று நாள். போர் தொடங்கிய செய்தி எப்போது கிடைக்கும் என்பதைப் பருவம்தான் முடிவு செய்யும். இந்தக் கணக்கைப் போடாமல் அத்தியாயம் எழுதினால், பிறகு தேதிகள் ஒன்றோடொன்று மோதும்.

எவ்வளவு தண்ணீர் என்பதும் தெரிய வேண்டும். அகலம் 60, ஆழம் 2, வேகம் 1 என்று பெருக்கினால் வினாடிக்கு 120 கன மீட்டர், சுமார் 4,200 கனஅடி. இதே அளவுள்ள சாதாரணத் துணையாறு ஒன்று வந்து சேர்ந்தால் குரல் பாதியாகத் தேயும். ஆனால் சேர்ந்த இடத்திலேயே தேயாது. பிரேசிலின் மனாஸ் நகரருகே ரியோ நீக்ரோவின் கறுப்புத் தண்ணீரும் சோலிமோயிஸ் எனப்படும் மேல் அமேசானின் கலங்கல் தண்ணீரும் வெப்பம், வேகம், அடர்த்தி மூன்றிலும் வேறுபடுவதால் சுமார் 6 கி.மீ. கலக்காமல் பக்கத்தில் பக்கத்தில் ஓடுகின்றன. உங்கள் ஆற்றிலும் கூடுதுறைக்குக் கீழே ஒரு கரை ஊருக்குத் தெளிவாகக் கேட்கும், எதிர்க்கரை ஊருக்கு ஒன்றுமே கேட்காது. பகைக்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

இனி மாயத்துக்கு எல்லை போட வேண்டும். தண்ணீர் ஆவியானால் குரல் என்ன ஆகும்? ஆவியோடு போகும் என்று வைத்தால் மழை பெய்யும் இடமெல்லாம் பேசத் தொடங்கிவிடும். ஆறு தன் சிறப்பை இழந்துவிடும். உப்பைப் போலத் தங்கிவிடும் என்பதே நல்லது. ஆனால் ஆறுகள் காலங்காலமாகக் கொண்டுவந்த உப்பால்தான் கடல் கரித்தது; அதே கணக்கில் உங்கள் கடல் இரைச்சலால் நிறைந்துவிடும். ஆகவே குரலுக்கு ஆயுள் வையுங்கள்: வெயில் பட்டால் இருபது நாளில் அழியும், இருட்டில் அழியாது.

இந்த ஒரு விதி கோடையில் பலன் தரும். ஆறு வற்றியதும் ஊர்ப் பெண்கள் மணலில் ஊற்றுத் தோண்டுவார்கள். முழங்கை ஆழத்தில் மணல் ஈரமாகும், இன்னும் ஒரு பிடி அள்ளினால் கலங்கலாகச் சுரக்கும். அது தெளியக் காத்திருந்து கொட்டாங்கச்சியால் மொள்வார்கள். சரிவு குறைந்த ஆற்று மணலுக்குள் தண்ணீர் நாளுக்கு ஒரு சாண் நகர்வதே அதிகம். நூறு நாளில் இருபது மீட்டர். அப்படியானால் அந்தக் கொட்டாங்கச்சியில் கேட்பது மலைநாட்டுச் செய்தியாக இருக்க முடியாது. சென்ற மழைக்காலத்தில் இதே துறையில், கூப்பிடு தூரத்தில் நின்று பேசியவரின் குரல். அவர் இப்போது உயிரோடு இல்லாமலும் இருக்கலாம்.

எழுதி முடித்ததும் ஒரே ஒரு வாக்கியத்தை மலையடிவாரத்தில் ஆற்றில் விட்டு, வரைபடத்தின் மேல் விரலை நகர்த்திக்கொண்டே போங்கள். ஒவ்வோர் ஊரிலும் எத்தனையாவது நாள், எந்தக் கரை, எவ்வளவு தெளிவு என்று ஓரத்தில் குறியுங்கள். அணைக்கட்டு வந்தால் நின்று, தண்ணீர் எத்தனை நாள் அங்கே வெயிலில் தேங்கும் என்று பாருங்கள். இருபதைத் தாண்டினால் அணைக்குக் கீழே உள்ள ஊர்களுக்கு அந்த வாக்கியம் போய்ச் சேராது.