மாதம் 149 ரூபாய் எங்கே போகிறது? இணையக் கடைச் சந்தாக்களில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

அப்பாவின் ஓய்வூதியக் கணக்குக்கான பாஸ்புக்கை அவ்வப்போது வங்கிக்கு எடுத்துச் சென்று அச்சிட்டு வருவது என் வேலை. சென்ற முறை அதில் 149 ரூபாய் மூன்று தடவை கழிந்திருந்தது. மாதாமாதம், ஒரே தேதியில். எதிரே இருந்த பெயரை நாங்கள் இருவரும் கேள்விப்பட்டதே இல்லை. “குறுஞ்செய்திக்கு வங்கியில் ஏதோ பிடிப்பார்கள், அதுவாக இருக்கும்” என்று அப்பா பேச்சை முடிக்கப் பார்த்தார்.

அது வங்கிக் கட்டணம் இல்லை. நான்கு மாதங்களுக்கு முன் காய்கறி வாங்கிய ஒரு செயலியில், “1 ரூபாய்க்கு இலவச டெலிவரி” என்றிருந்த கட்டத்தை அவர் தொட்டிருக்கிறார். முதல் மாதம் 1 ரூபாய். அடுத்த மாதத்திலிருந்து 149. கடைக்கு ஒரு பெயர், அதை நடத்தும் கம்பெனிக்கு இன்னொரு பெயர். பாஸ்புக்கில் ஏறியது கம்பெனியின் பெயர் என்பதால் அவருக்குச் சந்தேகமே வரவில்லை.

இதுதான் முதல் தவறு: தெரியாத பெயரில் சிறு தொகை போனால் வங்கியின் தலையில் போட்டுவிட்டு நகர்ந்துவிடுவது. 5,000 ரூபாய் காணாமல் போனால் வீடே எழுந்து நிற்கும். 149 போனால் யாரும் கேட்பதில்லை. அந்த விலையை வைத்தவர்களுக்கும் அது தெரியும். கணக்கு விவரத்தில் புரியாத பெயர் இருந்தால், அந்தத் தொகையையும் தேதியையும் வைத்து மின்னஞ்சலிலும் குறுஞ்செய்தியிலும் தேடுங்கள். பெரும்பாலும் அங்கே கடையின் பெயர் அகப்படும்.

நானும் புத்திசாலித்தனமாக நடந்துகொள்ளவில்லை. கோபத்தில் முதல் காரியமாக அந்தச் செயலியை அப்பாவின் கைப்பேசியிலிருந்து நீக்கினேன். பிறகு யுபிஐ செயலியைத் திறந்து, பணம் எடுக்கும் அனுமதியை ரத்து செய்தேன். வேலை முடிந்தது என்று நினைத்தேன். பணத்தைத் திரும்பக் கேட்கப் போனபோது, எந்தத் தேதியில் சேர்ந்தீர்கள், எந்தத் திட்டம், உறுப்பினர் எண் என்ன என்று கேள்விகள் வந்தன. எதற்கும் என்னிடம் பதில் இல்லை. நீக்கிய செயலியை மறுபடி இறக்கிக்கொண்டு உட்கார்ந்தேன்.

செயலி வேறு, சந்தா வேறு, அனுமதி வேறு

பெரும்பாலோர் சறுக்கும் இடம் இதுதான். கைப்பேசியில் இருக்கும் செயலி வெறும் வாசல். வாசலை இடித்துவிட்டால் உள்ளே இருக்கும் கணக்கு அழிந்துவிடாது. சந்தா என்பது கடையிடம் உங்கள் பெயரில் இருக்கும் பதிவு. பணம் பிடிக்கும் அனுமதி உங்கள் வங்கியிடமோ யுபிஐயிடமோ இருப்பது. ஒன்றை அறுத்தால் மற்றது தானாக அறுந்துவிடும் என்று சொல்ல முடியாது. செயலியை நீக்குவதால் சந்தா ரத்தாவதில்லை என்று கூகுள் பிளே ஸ்டோரே தன் உதவிப் பக்கத்தில் எழுதி வைத்திருக்கிறது.

அதனால் வரிசை முக்கியம். முதலில் சந்தாப் பக்கத்தைத் திறந்து, திட்டத்தின் பெயர், தொடங்கிய நாள், அடுத்துப் பணம் பிடிக்கும் நாள் எல்லாம் தெரியும்படி ஸ்கிரீன்ஷாட் எடுத்துக்கொள்ளுங்கள். பிறகு சந்தாவைக் கடையிடமே ரத்து செய்யுங்கள். உறுதிப்படுத்தும் மின்னஞ்சல் வந்ததும் அதைப் பத்திரப்படுத்துங்கள். அதன்பின் அனுமதியை ரத்து செய்யுங்கள். செயலியை நீக்குவது கடைசி வேலை.

அனுமதி எங்கே இருக்கிறது என்பது எப்படிப் பணம் கட்டினீர்கள் என்பதைப் பொறுத்தது. யுபிஐ என்றால் கூகுள் பே, போன்பே போன்றவற்றில் உங்கள் படத்தைத் தொட்டதும் வரும் பக்கத்தில் ‘ஆட்டோபே’ என்று ஒரு பகுதி இருக்கும். எந்தச் செயலி வழியாக ஒப்புதல் கொடுத்தீர்களோ அதிலேயே தேடுவது நல்லது. ரத்து செய்யவும் யுபிஐ ரகசிய எண் கேட்கும், பயப்பட வேண்டாம். அட்டை என்றால் வங்கியின் இணையதளத்திலோ செயலியிலோ நிலையான ஆணைகள் அல்லது இ-மேண்டேட் என்ற பெயரில் இருக்கும். பிளே ஸ்டோர், ஆப்பிள் வழியாகச் சேர்ந்திருந்தால் அவற்றின் சந்தாப் பட்டியலில்தான் ரத்து செய்ய வேண்டும். அந்தந்தக் கடையின் செயலியில் எவ்வளவு துழாவினாலும் வழி தெரியாது.

அனுமதியை மட்டும் அறுத்துவிட்டுச் சந்தாவை அப்படியே விடுவதில் இன்னொரு சிக்கல் உண்டு. மாதாமாதம் கட்டுவதுபோல் தோன்றும் சில திட்டங்கள் உண்மையில் ஓராண்டு ஒப்பந்தங்கள். நடுவில் விலகினால் அபராதம். இந்த விலகல் கட்டணத்தை மறைத்து வைத்ததாகத்தான் 2024 ஜூனில் அமெரிக்க வர்த்தக ஆணையம் அடோபி நிறுவனத்தின் மேல் வழக்குத் தொடுத்தது. மாதச் சந்தா என்று நினைத்து ஆண்டுச் சந்தாவில் கையெழுத்திடுவது அங்கே மட்டும் நடப்பதில்லை.

‘ஓடிபி வரவே இல்லையே!’

அப்பாவின் வாதம் இதுதான். ஓடிபி கேட்காமல் எப்படிப் பணம் போகும்? கேட்டிருக்கிறார்கள், ஒரே ஒரு தடவை.

இப்படி மாதாமாதம் தானாகப் பணம் பிடிப்பதற்கான விதிகளை ரிசர்வ் வங்கி 2019இல் அறிவித்து, 2021 அக்டோபரிலிருந்து கண்டிப்பாக நடைமுறைக்குக் கொண்டுவந்தது. முதல் முறை அனுமதி கொடுக்கும்போது ஓடிபியோ ரகசிய எண்ணோ கட்டாயம். அதன்பின் ஒரு குறிப்பிட்ட தொகை வரை ஒவ்வொரு முறையும் கேட்க வேண்டியதில்லை. அந்த வரம்பு 5,000 ரூபாயாக இருந்தது. 2022 ஜூனில் 15,000 ஆக உயர்த்தப்பட்டது. 149 ரூபாய்க்கு இரண்டாம் முறை கேள்வி வராதது இதனால்தான். அப்பா அன்று 1 ரூபாய்க்கு என்று நினைத்து அழுத்திய ரகசிய எண், உண்மையில் இனிவரும் எல்லா மாதங்களுக்கும் சேர்த்து அழுத்தியது.

அந்த ஒப்புதல் திரையை யாரும் படிப்பதில்லை. நானும் படித்ததில்லை. அப்பாவின் ஆட்டோபே பக்கத்தில் அதன் விவரம் இருந்தது. பெரிய எழுத்தில் கடையின் பெயர். கீழே சிறிய எழுத்தில், அதிகபட்சத் தொகை 499 வரை. அதாவது 149 என்பது இன்றைய விலை. நாளை 499 ஆக்கினாலும் அதே அனுமதி செல்லும். எத்தனை நாளுக்கு ஒருமுறை என்ற இடத்தில் ‘மாதந்தோறும்’. முடியும் தேதி, முப்பது ஆண்டுகள் கழித்து. அப்பாவுக்கு இப்போது 71 வயது. நூற்றியொரு வயதில் அவருக்கு இலவசமாகக் கத்தரிக்காய் கொண்டுவந்து கொடுக்க ஒருவர் காத்திருக்கிறார் என்பது ஒருவகையில் ஆறுதல்தான்.

எனவே எங்கே ‘1 ரூபாய்’, ‘2 ரூபாய்’ என்று கண்டாலும் விலையைப் பார்ப்பதை விட்டுவிட்டு அந்த மூன்றையும் பாருங்கள்: அதிகபட்சத் தொகை, இடைவெளி, முடியும் தேதி. ஒரே ஒரு முறை பணம் கட்டும் திரையில் இவை இருக்கவே இருக்காது. இருந்தால் நீங்கள் சந்தாவில் கால் வைக்கிறீர்கள் என்று பொருள்.

விதியில் இன்னொன்றும் உண்டு. பணம் எடுப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரத்துக்கு முன்பு தகவல் அனுப்ப வேண்டும். அதில் யாருக்கு, எவ்வளவு, எப்போது என்ற விவரம் இருக்க வேண்டும். வேண்டாம் என்றால் விலகவும் வழி தர வேண்டும். அப்பாவின் கைப்பேசியில் மூன்று தகவல்களும் வந்திருந்தன. கடன் வாங்குங்கள், மனை வாங்குங்கள் என்ற விளம்பரங்களுக்கு நடுவே, திறக்கப்படாமல் கிடந்தன. குறுஞ்செய்தி வருவதே எரிச்சல் என்று எல்லாவற்றையும் மௌனமாக்கி வைப்பதும் ஒரு தவறுதான். வங்கியிலிருந்து வருவதை மட்டுமாவது சத்தத்தோடு விட்டுவையுங்கள்.

வெளிநாட்டுத் தளங்களில் நிலைமை கொஞ்சம் வேறு. அவற்றில் பல, ஓடிபி கேட்காமலே அட்டையிலிருந்து பணம் எடுக்கும். அட்டையின் வெளிநாட்டுப் பயன்பாட்டை நாமே நிறுத்தவும் திறக்கவும் வசதி தர வேண்டும் என்று 2020இல் ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குச் சொல்லிவிட்டது. அதை நிறுத்தி வைத்துவிட்டு, தேவைப்படும் நாளில் திறந்தால் போதும்.

பாதியில் திரும்பிவிடுவது

ரத்து செய்யும் பக்கங்கள் நம்மைக் களைப்படையச் செய்வதற்காகவே கட்டப்பட்டவை. அப்பாவின் சந்தாவை ரத்து செய்யப் போனேன். நீங்கள் சேமித்த 212 ரூபாயை இழக்கப் போகிறீர்களா என்று ஒரு பக்கம். ஏன் விலகுகிறீர்கள் என்று ஒரு பக்கம். அடுத்த மாதம் பாதி விலை என்று ஒரு பக்கம். ஒவ்வொன்றிலும் ‘தொடர்கிறேன்’ என்பது பச்சை நிறத்தில் பளிச்சென்று இருந்தது. ‘ரத்து’ என்பது சாம்பல் நிறத்தில், கண்ணாடி போட்டுப் பார்க்க வேண்டிய அளவில். நான்காவது பக்கத்தில்தான் உண்மையான ரத்து. மூன்றாவதிலேயே திரும்பியவர்கள் ரத்து செய்துவிட்டதாக நினைத்துக்கொண்டிருப்பார்கள்.

அமேசான் பிரைமிலிருந்து விலகும் வழிக்கு அந்த நிறுவனத்துக்குள்ளேயே வைத்திருந்த பெயர் ‘இலியட்’ என்று அமெரிக்க வர்த்தக ஆணையம் 2023 வழக்கில் குறிப்பிட்டது. டிராய் நகரப் போரைப் பாடும் கிரேக்கக் காவியத்தின் பெயர். அந்த வழக்கு 2025 செப்டம்பரில் 250 கோடி டாலருக்குச் சமரசமானது. அதில் 150 கோடி வாடிக்கையாளர்களுக்குத் திருப்பித் தர.

நம் நாட்டில் இத்தகைய தந்திரங்களைத் தடுக்க 2023 நவம்பர் 30 அன்று வழிகாட்டு நெறிகள் அறிவிக்கப்பட்டன. ‘டார்க் பேட்டர்ன்’ என்ற பெயரில் 13 வகைகளை அவை பட்டியலிடுகின்றன. விலக முடியாதபடி அலைக்கழிக்கும் சந்தாப் பொறி அதில் ஒன்று. கேட்காமலே கூடையில் ஏதாவது ஒன்றைச் சேர்ப்பது, ‘வேண்டாம்’ என்பவரைக் கூச வைப்பது ஆகியவையும் உண்டு. புகார் எழுதும்போது இந்தச் சொற்களைப் பயன்படுத்துங்கள். ‘ஏமாற்றிவிட்டார்கள்’ என்பதைவிட ‘கூடையில் என் ஒப்புதல் இல்லாமல் உறுப்பினர் சந்தா சேர்க்கப்பட்டது’ என்பதற்கு வலு அதிகம்.

எல்லாவற்றிலும் பெரிய தவறு

149 ரூபாயைத் திரும்ப வாங்கப் போய் ஒன்றரை லட்சத்தை இழப்பது. கடையின் வாடிக்கையாளர் சேவை எண் என்று இணையத்தில் தேடுவோம். முதலில் வருவது மோசடிக்காரர் போட்டு வைத்த எண்ணாக இருக்கலாம். பேசுபவர் மிகவும் பணிவாகப் பேசுவார். பணத்தை உடனே திருப்பித் தருகிறேன் என்பார். கைப்பேசித் திரையைப் பகிரும் செயலி ஒன்றை இறக்கச் சொல்வார், அல்லது ஏதாவது சாக்குச் சொல்லி ரகசிய எண்ணை அழுத்தச் சொல்வார். பணம் நம் கணக்குக்கு வருவதற்கு ரகசிய எண் ஒருபோதும் தேவைப்படாது. அதைக் கேட்ட நொடியில் அழைப்பைத் துண்டியுங்கள். செயலிக்குள் இருக்கும் உதவிப் பகுதி தாமதமானது, எரிச்சலூட்டுவது. ஆனாலும் அங்கேயே எழுதுங்கள். ஏமாந்துவிட்டால் 1930 என்ற எண்ணை உடனே அழையுங்கள். இதில் ஒவ்வொரு நிமிடத்துக்கும் விலை உண்டு.

வங்கியிடம் என்ன சொல்வது

எல்லாவற்றையும் ‘மோசடி’ என்று வங்கியில் எழுதிக் கொடுப்பதும் சரியில்லை. நீங்கள் அனுமதியே கொடுக்காத பிடித்தம் என்றால் அது உண்மையிலேயே அனுமதியில்லாப் பரிவர்த்தனை. உங்கள் மேலோ வங்கியின் மேலோ தவறில்லாமல் வெளியில் நடந்த கோளாறாக இருந்து, வங்கியின் தகவல் வந்த மூன்று வேலை நாட்களுக்குள் தெரிவித்தால் இழப்பு உங்களைச் சேராது என்று 2017 ஜூலையில் வந்த ரிசர்வ் வங்கிச் சுற்றறிக்கை சொல்கிறது. நாள் கடத்தினால் பொறுப்பு உங்கள் பக்கம் நகரும். ஆனால் ரகசிய எண்ணை நீங்களே அழுத்தியிருந்தால் வங்கி அந்தப் பதிவை எடுத்துக் காட்டிவிடும். பிறகு நீங்கள் சொல்லும் உண்மைகளும் எடுபடாது. அதற்குப் பதில், “இந்தத் தேதியில் ரத்து செய்தேன், இதோ மின்னஞ்சல், அதற்குப் பிறகும் பிடித்திருக்கிறார்கள்” என்று எழுதினால் விஷயமே வேறு. முப்பது நாட்களில் வங்கி பதில் சொல்லாவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். விவரம் கேட்க 14448.

கடை மசியாவிட்டால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. அடுத்த படி மாவட்ட நுகர்வோர் ஆணையம். 5 லட்சம் ரூபாய் வரையிலான பொருளுக்கோ சேவைக்கோ அங்கே புகார்க் கட்டணம் இல்லை. 447 ரூபாய்க்கு ஆணையம் வரை யாரும் போவதில்லை, நானும் போகச் சொல்ல மாட்டேன். 1915க்கு ஒரு புகார் எழுதக் கால் மணி நேரம் ஆகும். அதைத் தாராளமாகச் செய்யலாம்.

நான் செயலியின் உதவிப் பகுதியில் எழுதினேன். மூன்றாவது மாதச் சந்தாவை ஒருமுறைகூடப் பயன்படுத்தவில்லை என்று ஆர்டர் பட்டியலின் படத்தோடு அனுப்பினேன். அந்த மாதத்து 149 மட்டும் வந்தது. முதல் இரண்டு மாதங்களில் இலவச டெலிவரி வாங்கியிருப்பதால் தர முடியாது என்றார்கள். அதில் நியாயம் இருப்பதாக அப்பா சொன்னார்.

சென்ற வாரம் பாஸ்புக் அச்சிட்டு வந்தேன். வரவுப் பக்கத்தில் இருந்த 149ஐ அப்பா பென்சிலால் வட்டமிட்டு வைத்தார். இரண்டு வரி தள்ளி 2 ரூபாய் ஒன்று கழிந்திருந்தது. பக்திப் பாடல் செயலியாம், ஏழு நாளைக்குத்தானாம். நான் ஒன்றும் சொல்லாமல் அவர் கைப்பேசியை வாங்கி ஆட்டோபே பக்கத்தைத் திறந்தேன்.