செனகல் நாட்டு இயக்குநர் சஃபி ஃபாயேயின் படங்களை எங்கிருந்து தொடங்குவது?

நான் செய்த தப்பை நீங்கள் செய்யாதீர்கள். கடைசிப் படமான 'மொசான்' (1996) முதலில் வேண்டாம். அதன் வண்ணங்களில் மயங்கினால் பழைய கறுப்பு வெள்ளை பொறுமையைச் சோதிக்கும்.

'கத்து பேகாட்'டில் (1975) ஆரம்பியுங்கள். உழவரின் குரல் என்று பொருள். செனகல் கிராமம், மழை பொய்த்த வருஷம், நிலக்கடலையை மட்டுமே நம்பிய வயல். கல்யாணத்துக்குப் பணமில்லாத ங்கோர் வேலை தேடித் தலைநகர் டக்கார் போகிறான். கதையை விரட்டாமல் மரத்தடிப் பேச்சைக் காதுகொடுத்துக் கேளுங்கள், விஷயமே அதில்தான். (சொந்த நாட்டிலேயே தடை போட்டார்கள், வேறென்ன!)

அடுத்தது 'ஃபாட்ஜால்' (1979). ஃபாயே டக்காரில் ஆசிரியையாக இருந்து, பாரிஸில் இனவரைவியல் (மக்களின் வாழ்க்கைமுறையை ஆராயும் துறை) படித்தவர். அது தெரிந்தால், பெரியவர்கள் பிள்ளைகளுக்கு ஊர்க்கதை சொல்லும் காட்சிகள் சட்டென்று பிடிபடும்.

அப்புறம் மொசான்.