பெயரை மட்டும் மறைத்தால் போதாது

"பெயர் போடல, முகம் காட்டல, அப்புறம் என்ன?" வீட்டில் பேசக்கூடாத கதைகளைப் பதிவு செய்பவர்கள் சொல்வது இது. நானும் சொன்னவன்தான்.

சிங்கப்பூர் ஈசூனில் ஒரு புளோக்கின் கீழ்த்தளத்தில், வெற்றிலையை மடித்துக்கொண்டே ஓர் அம்மா பேசினார். தன் தம்பி ஒருமுறை உயிரை விடப் பார்த்ததை அதுவரை வெளியே சொன்னதில்லையாம். ஐந்து நிமிடத் துண்டை வெளியிட்டேன். பெயர் இல்லை, 'தேக்காவில் பூக் கட்டியவர், அப்பா செம்பவாங் கடற்படைத் தளத்தில் வேலை பார்த்தவர்' என்று மட்டும் எழுதினேன். அன்றிரவே ஒரு வாட்ஸ்அப் குழுவில், "இது நம்ம பூக்காரம்மா குரல்தானே?" சிங்கப்பூரில் நம் வட்டம் அவ்வளவுதான். தொழிலும் பேட்டையும் சேர்ந்தாலே ஆள் தெரிந்துவிடும், குரலைக் கேட்கவே வேண்டாம். உடனே நீக்கினேன். பதிவிறக்கி வைத்தவர்கள் போனில் இன்னும் இருக்கும்.

அதைவிடப் பெரிய தவறு, அந்தத் தம்பியைக் கேட்காதது. அக்கா சம்மதித்தார், சரி. ஆனால் நடந்தது தம்பிக்கு. தன் பிள்ளைகளிடமே அவர் சொல்லியிருக்கவில்லை.

"ஏன் இத்தனை வருஷம் மறைச்சீங்க?" என்று அந்த அம்மாவிடம் நான் கேட்டதும் என் அறியாமைதான். ஊர் வாய்க்குப் பயந்து மட்டும் மறைக்கவில்லை. தண்டனைச் சட்டத்தின் 309வது பிரிவு 2019 கடைசி வரை இருந்தது. தற்கொலைக்கு முயன்றால் ஓராண்டு வரை சிறை. 2020 ஜனவரி 1 முதல்தான் அது குற்றமில்லை. போலீஸ் கேஸ் என்ற பயம் அந்த வீட்டில் நிஜமாகவே இருந்தது.

அழுதுகொண்டே சொல்லும் "சரிப்பா, போட்டுக்கோ"வைச் சம்மதமாக எடுக்காதீர்கள். ஒரு வாரம் கழித்துப் போட்டுக் காட்டுங்கள். நான் காட்டியிருந்தால், பாதியை வெட்டச் சொல்லியிருப்பார்.

எப்படி முயன்றார் என்ற விவரம் யாருக்கும் வேண்டாம், வெட்டிவிடுங்கள். கேட்பவர்களில் யாராவது அதே நிலையில் இருக்கலாம். தற்கொலை எண்ணத்தில் தவிப்பவர்களுக்கு உதவும் சமாரிட்டன்ஸ் அமைப்பின் எண் 1767ஐச் சேர்த்துவிடுங்கள், 24 மணி நேரமும் எடுப்பார்கள். மூலக் கோப்பு குடும்பமே பார்க்கும் ஐபேடில் தானாக ஏறுகிறதா என்றும் பாருங்கள்.

பதிவு செய்ததையெல்லாம் வெளியிட்டாக வேண்டும் என்றும் இல்லை. 1979இல் தொடங்கிய வாய்மொழி வரலாற்றுத் திட்டத்தின் பேட்டிகள் தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. அவற்றிலும் சிலவற்றை அனுமதி வாங்கித்தான் கேட்க முடியும். அந்த அம்மாவின் முழுப் பேச்சையும் இப்போது ஒரு தம்ப் டிரைவில் போட்டு அவரிடமே கொடுத்திருக்கிறேன். சாமி அலமாரியில் வைத்திருக்கிறார்.